ஊருக்குப் புதிய பிள்ளை

பள்ளி மைதானத்தில் பந்தாட அணி பிரிக்கிறார்கள். துருக்கிப் பிள்ளைகள் ஒரு பக்கம், ஜெர்மன் பிள்ளைகள் மறுபக்கம். ஆறு வயது ஜெங்க்கை இரண்டு பக்கமும் சேர்த்துக்கொள்ளவில்லை. அவனுடைய அப்பா துருக்கிக் குடும்பத்துப் பிள்ளை, அம்மா ஜெர்மானியர். துருக்கி மொழி அவனுக்குப் பேச வராது. வகுப்பில் அவரவர் சொந்த ஊரைக் குறிக்க ஐரோப்பா வரைபடத்தை மாட்டுகிறார் ஆசிரியை. அவன் சொல்லும் அனதோலியா அந்த வரைபடத்திலேயே இல்லை. அவனுக்கான கொடியை மட்டும் காகிதத்துக்கு வெளியே, வெறும் சுவரில் குத்த வேண்டியதாகிறது.

யாஸெமின் ஷாம்தெரெலி இயக்கி 2011-இல் வந்த ‘அல்மான்யா’ என்ற ஜெர்மன் படம் அந்தச் சிறுவனின் கேள்வியைப் பிடித்துக்கொண்டு புறப்படுகிறது: நாம் துருக்கியரா, ஜெர்மானியரா? பதிலாக அவனுக்குத் தாத்தாவின் கதை சொல்லப்படுகிறது. 1961-இல் துருக்கியுடன் ஒப்பந்தம் போட்டு மேற்கு ஜெர்மனி கூலிக்கு ஆள் எடுத்தது. 1964 செப்டம்பரில் பத்து லட்சமாவது வெளிநாட்டுத் தொழிலாளி என்று போர்ச்சுக்கலைச் சேர்ந்த தச்சர் அர்மாந்தோ ரோத்ரிகெஸை கொலோன் நகர ரயில் நிலையத்தில் வாத்தியம் முழங்க வரவேற்று, ஒரு மொபெட்டைப் பரிசளித்தார்கள். இது வரலாறு. படத்தின் தாத்தா, வரிசையில் ஒருவருக்கு வழிவிட்டதால் பத்து லட்சத்து ஒன்றாவது ஆளாகிப்போனவர். அவருடைய பிள்ளைகள் முதன்முதலாக ஜெர்மனியில் இறங்கும் காட்சிகளில் உள்ளூர்க்காரர்கள் பேசுவதெல்லாம் எந்த மொழியிலும் சேராத உளறலாக ஒலிக்கிறது. துருக்கிக் குடும்பமோ தெளிவான ஜெர்மனில் பேசிக்கொள்கிறது. ஜெர்மன் பார்வையாளர் தன் தாய்மொழியை ஒரு புதிய பிள்ளையின் காதால் கேட்கும்படி ஆகிவிடுகிறது.

ஊர்விட்டு ஊர் வந்த பிள்ளைகளைப் பற்றிய படங்கள் சினிமா உள்ள எல்லா நாடுகளிலும் உண்டு. கதையின் படிகளும் பழகியவை. வண்டி வந்து நிற்கும். வகுப்பில் எழுந்து பெயர் சொல்லச் சொல்வார்கள். சாப்பாட்டு நேரத்தில் அந்தப் பிள்ளை தனியாக உட்கார்ந்திருக்கும். ஒரு சண்டை, ஒரு நட்பு, கடைசியில் ஊர் ஏற்றுக்கொள்ளும். இந்தப் படிகளைக் குறையாகச் சொல்ல ஒன்றுமில்லை, வாழ்க்கையிலும் ஏறக்குறைய இப்படித்தான் நடக்கிறது. ஆனால் பல நாட்டுப் படங்களை அடுத்தடுத்து வைத்துப் பார்க்கும்போது ஒரு வேறுபாடு துலக்கமாகத் தெரிகிறது. உள்ளே வருவதற்கு அந்தப் பிள்ளை எதைக் கொடுத்தது, பதிலுக்கு ஊர் எதைக் கொடுத்தது என்ற கணக்கைச் சில படங்கள் விடாமல் பார்க்கின்றன. மற்றவை அந்தக் கணக்கையே எடுப்பதில்லை. பிள்ளை மாறிவிட்டால் போதும் என்று மகிழ்ச்சியோடு முடித்துவிடுகின்றன.

இந்தக் கணக்கை மிக நேர்மையாகப் பார்த்த படம் ஈரானில் எடுக்கப்பட்டது. பஹ்ராம் பைஸாயி 1980-களின் நடுவில், ஈராக்குடனான போர் நடந்துகொண்டிருந்தபோதே எடுத்த ‘பாஷு, சின்ன அந்நியன்’. போர்க்காலத்தில் அதைத் திரையிட விடவில்லை, 1989-இல்தான் வெளியானது. பத்தாண்டுகள் கழித்து ஈரானிய விமர்சகர்களிடம் நடந்த வாக்கெடுப்பில் தங்கள் நாட்டின் மிகச் சிறந்த படமாக அவர்கள் தேர்ந்தெடுத்ததும் இதைத்தான்.

தெற்கே குஜெஸ்தானில் குண்டுவீச்சில் குடும்பத்தை இழந்த பாஷு ஒரு லாரியில் ஏறி ஒளிந்துகொள்கிறான். லாரி நாட்டின் குறுக்கே போய் வடக்கே, காஸ்பியன் கடலை ஒட்டிய கிலான் மாகாணத்தில் நிற்கிறது. பாலைநிலத்துப் பிள்ளை கண்ணுக்கெட்டியவரை நெல்வயலாகக் கிடக்கும் ஊரில் இறங்குகிறான். பாறை உடைக்க வைக்கும் வெடிச்சத்தம் கேட்டால்கூட போர் இங்கேயும் வந்துவிட்டதென்று ஓடுகிறான். அவன் பேசுவது அரபு. அந்த ஊர் பேசுவது கிலக்கி. கறுத்த மேனி வேறு. வயலில் அவனைக் கண்ட நாயி என்ற பெண்ணுக்கு முதலில் பயம்தான். இரண்டு குழந்தைகளை வைத்துக்கொண்டு, வேலை தேடிப்போன கணவனின் கடிதத்துக்குக் காத்திருக்கும் விவசாயி அவள். விரட்டுகிறாள், பிறகு சோறு வைத்துவிட்டு விலகி நிற்கிறாள், பிறகு வீட்டுக்குள் விடுகிறாள். அவனுடைய கறுப்பைக் கரியென்று நினைத்துச் சோப்புப் போட்டுத் தேய்க்கிறாள். நிறம் போகவில்லை. அவள் விட்டுவிடுகிறாள். படத்தின் திருப்பமே அந்த விட்டுவிடுதலில்தான் இருக்கிறது. அதன்பின் அவள் அவனை மாற்றப் பார்ப்பதில்லை. உறவுக்காரர்கள் வந்து அபசகுனம், நோய், திருட்டு என்று ஆளுக்கொன்று சொல்லும்போது அவர்களோடுதான் மல்லுக்கு நிற்கிறாள்.

ஊர்ப் பிள்ளைகள் சூழ்ந்துகொண்டு அடிக்கும் இடத்தில் பாஷு தரையில் கிடக்கும் பள்ளிப் பாடப்புத்தகம் ஒன்றைக் கையில் எடுத்து உரக்கப் படிக்கிறான். அது பாரசீக மொழி. எல்லாப் பள்ளியிலும் சொல்லித்தரும் மொழி. நாம் எல்லாரும் இந்த மண்ணின் பிள்ளைகள் என்ற பொருளில் வரும் பாடம். அடித்த பிள்ளைகள் திகைத்து நிற்கிறார்கள். இந்தக் காட்சியை நாட்டொற்றுமைக்கான பிரசாரமாக வாசிப்பவர்கள் உண்டு. படம் அவ்வளவு எளிதானதில்லை. அந்தப் பாடப்புத்தக மொழி நாயிக்குச் சரளமாக வராது, பாஷுவுக்கும் வீட்டு மொழி இல்லை. பிள்ளைகளை ஒரு நொடி நிறுத்த அது உதவுகிறது; தாயையும் மகனையும் சேர்ப்பது அதனால் ஆகவில்லை. நாயி பறவையின் குரலில் கூவுகிறாள். ஒவ்வொரு பொருளாக எடுத்துக் காட்டி ஒருவர் மொழியில் மற்றவர் பெயர் கற்கிறார்கள். அவள் காய்ச்சலில் விழும்போது அவன் தன் ஊர் வழக்கப்படி தட்டைத் தட்டி முழக்கிப் பிரார்த்திக்கிறான். இன்னொரு வாய்க்குச் சோறு எங்கிருந்து என்று கணவன் கடிதத்தில் கேட்கிறான். அவளுக்காக அவனுக்குப் பதில் எழுதும் வேலையும் பிறகு பாஷுவிடமே வந்துசேர்கிறது. கணவன் ஒரு கையை இழந்து திரும்பி வருகிறான். காட்டு விலங்கு வயலுக்குள் இறங்கிவிட, எல்லாரும் கூச்சலிட்டபடி அதை விரட்ட ஓடுகிறார்கள். அந்த ஓட்டத்தில் யார் சொந்தம், யார் வந்தவன் என்று பிரிக்க முடியாது. உழைப்பில் பங்கு கிடைத்த பிறகு ஏற்பு என்ற சொல்லே தேவைப்படவில்லை.

பாஷு தன் பெயரையோ நிறத்தையோ மொழியையோ விலையாகக் கொடுக்கவில்லை. எல்லாப் பிள்ளைகளுக்கும் இந்த வாய்ப்புக் கிடைப்பதில்லை. அந்தோனி ஷிம் 2022-இல் எடுத்த ‘ரைஸ்பாய் ஸ்லீப்ஸ்’ படத்தில் 1990-களின் கனடாவுக்குத் தனியாக வளர்க்கும் தாயோடு வந்த கொரியச் சிறுவனுக்குப் பள்ளியிலேயே வேறு பெயர் வைக்கச் சொல்கிறார்கள். டோங்-ஹ்யூன் டேவிட் ஆகிறான். அம்மா கட்டிக்கொடுத்த சாப்பாட்டைப் பிள்ளைகள் கேலி செய்ததும் அதைக் குப்பையில் கொட்டுகிறான். மியாசாகியின் ‘ஸ்பிரிட்டட் அவே’ (2001) இதையே மாயக்கதையாகச் சொல்கிறது. புதிய வீட்டுக்குக் குடிபோகும் வழியில் ஆவிகளின் குளியல்விடுதிக்குள் மாட்டிக்கொள்ளும் பத்து வயது சிஹிரோவுக்கு அங்கே வேலை கொடுக்கும் சூனியக்காரி, ஒப்பந்தத் தாளிலிருந்து அவள் பெயரைப் பிடுங்கிக்கொள்கிறாள். மிஞ்சுவது சென் என்ற துண்டு. பழைய பெயரை மறந்தவர் திரும்பிப் போக முடியாது என்பது அந்த இடத்துச் சட்டம். ஜப்பானில் வசூல் சாதனை படைத்து, பெர்லின் விழாவில் தங்கக் கரடியும் அடுத்து ஆஸ்கரும் பெற்ற படம் இது. பெயர் போவது எவ்வளவு பெரிய பயம் என்பதை எல்லா நாட்டுக் குழந்தைகளும் சொல்லாமலே புரிந்துகொண்டார்கள்.

அமாண்டா கெர்னெலின் ‘சாமி ப்ளட்’ (2016) இந்தக் கணக்கை ஒரு முழு ஆயுளுக்கு நீட்டிப் பார்க்கிறது. 1930-களின் ஸ்வீடன். மான் மேய்க்கும் சாமி இனத்துச் சிறுமி எல்லே-மர்யாவைத் தங்கையோடு உறைவிடப் பள்ளிக்கு அனுப்புகிறார்கள். தாய்மொழி பேசினால் அடி. ஒருநாள் நகரத்திலிருந்து ஆராய்ச்சியாளர்கள் வந்து பிள்ளைகளின் மண்டையை அளக்கிறார்கள். ஆடை களையச் சொல்லிப் படம் எடுக்கிறார்கள். ஜன்னலுக்கு வெளியே ஊர்ப் பையன்கள் நின்று பார்க்கிறார்கள். உப்சாலாவில் ஸ்வீடிஷ் அரசு நடத்திய இன உயிரியல் நிறுவனம் உண்மையில் செய்த வேலை இது. அந்தப் பெண் ஓடிப்போகிறாள், ஆசிரியையின் பெயரைத் தனதென்று சொல்லிக்கொள்கிறாள், ஸ்வீடிஷ் பெண்ணாகவே வாழ்ந்து முடிக்கிறாள். கிழவியான பிறகு தங்கையின் சாவுக்கு வரும்போது, சொந்த மொழி தனக்குத் தெரியாதென்று மறுக்கிறாள். ஊர் அவளை ஏற்றுக்கொண்டது உண்மை. அதற்கு அவள் கொடுத்தது ஒரு தங்கை.

அரசே பிள்ளையைத் தூக்கிக் கொண்டுபோய்ப் புது இடத்தில் போடும்போது ஓடித் திரும்புவது தவிர வேறு நியாயம் இல்லை என்று சொல்வது பிலிப் நாய்ஸ் எடுத்த ‘ராபிட்-ப்ரூஃப் ஃபென்ஸ்’ (2002). 1931-இல் மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜிகலாங் பகுதியிலிருந்து மோலி, கிரேஸி, டெய்ஸி என்ற மூன்று பழங்குடிச் சிறுமிகளை அதிகாரிகள் பிடித்துப்போய் பெர்த் நகருக்கு வடக்கே மூர் ரிவர் குடியிருப்பில் அடைத்தார்கள். கலப்பினப் பிள்ளைகளை வெள்ளைச் சமூகத்துக்குள் கரைத்துவிடுவது அன்றைய கொள்கை. மூத்தவளுக்கு 14 வயது. முயல் தடுப்பு வேலியைப் பிடித்துக்கொண்டு ஏறக்குறைய 1,600 கிலோமீட்டர் நடந்து மோலியும் டெய்ஸியும் வீடு சேர்ந்தார்கள். கிரேஸி வழியில் பிடிபட்டாள். மோலியின் மகள் டோரிஸ் பில்கிங்டன் எழுதிய நூல்தான் படத்துக்கு மூலம். படத்தின் முடிவில் நிஜ மோலியும் டெய்ஸியும் கிழவிகளாக நடந்து வருகிறார்கள். இப்படிப் பறிக்கப்பட்ட தலைமுறையிடம் ஆஸ்திரேலியப் பிரதமர் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டது 2008 பிப்ரவரியில்.

தூரம் அதிகமாக இருந்தால்தான் பிள்ளை அந்நியமாகும் என்பதில்லை. பில்லே ஆகஸ்டின் ‘பெல்லே தி காங்கரர்’ (1987) படத்தில் ஸ்வீடனிலிருந்து கடல் தாண்டி டென்மார்க்கின் போர்ன்ஹோம் தீவுக்கு வருகிறார்கள் கிழட்டு அப்பாவும் மகனும். இரண்டு மொழியும் உறவு மொழிகள். ஆனாலும் கூலிக்காரன் மகன், அயலூர்ப் பேச்சு என்ற இரண்டும் போதுமானதாக இருக்கிறது, பண்ணையில் எவனும் சாட்டையெடுக்க. வரும்போது படகில் அப்பா அளந்த கதைகள் ஒவ்வொன்றாகப் பொய்த்துப்போவதை மகன் பார்க்கிறான். மேக்ஸ் வான் சிடோ அந்த அப்பாவாக நடித்ததில், பிள்ளையின் முன் தோற்றுப்போகும் பெரியவரின் கூச்சம் முழுக்கத் தெரிகிறது. கான் விழாவில் தங்கப் பனை வாங்கிய இந்தப் படம் ஏற்பில் முடியவில்லை. பையன் தனியாக வேறு நாடு தேடிப் பனியில் நடந்து போகிறான், அப்பா தங்கிவிடுகிறார்.

அதைவிடக் குறைந்த தூரம் ‘கில்லா’வில். அவினாஷ் அருண் எடுத்து 2014-இல் பெர்லின் விழாவின் குழந்தைகள் பிரிவில் பளிங்குக் கரடி பெற்ற மராத்திப் படம். அப்பா இறந்துவிட, அரசு ஊழியரான அம்மாவுக்குப் பணிமாற்றம் வர, பதினோரு வயது சின்மய் புனேயிலிருந்து கொங்கண் கடற்கரை ஊருக்கு வருகிறான். மாநிலம் அதே, மொழி அதே. அழுகிறவன் அழுவதை வெளியே காட்டாத வயது. கடலோரக் கோட்டைக்குச் சைக்கிளில் போன நண்பர்கள் மழையில் அவனை விட்டுவிட்டுப் போய்விட, அந்த ஈரக் கற்களுக்கு நடுவே அவன் கூப்பிட்டுக்கொண்டு ஓடும் காட்சி, பெரியவர்கள் எளிதில் மறந்துவிடும் ஒரு பயத்தை உடம்போடு நினைவுபடுத்துகிறது. இயக்குநரே ஒளிப்பதிவாளர் என்பதால் கொங்கண் மழையே படத்தின் பாதி வசனத்தைப் பேசிவிடுகிறது. அம்மாவும் அங்கே புதியவள், அலுவலகத்தில் அவளுக்கும் இதே தனிமைதான் என்று பையன் மெல்லக் கண்டுகொள்வது இந்தப் படத்தின் தனிச் சிறப்பு. ஊர் பிடித்துப்போன சமயத்தில் அடுத்த மாற்றல் வந்துவிடுகிறது. அரசு வேலையில் இருக்கும் பெற்றோரின் பிள்ளைகளுக்கு இதைப் புதிதாக யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

தமிழில் இந்த வகையில் முதலில் நினைவுக்கு வருவது பாண்டிராஜின் ‘பசங்க’ (2009). புதுக்கோட்டைப் பக்கத்து விராச்சிலைக்குப் புதிதாகக் குடிவரும் அன்புக்கரசு, பெயரோடு ஐ.ஏ.எஸ். சேர்த்துச் சொல்லிக் கைதட்டு வாங்குகிற பிள்ளை. வகுப்பில் ஏற்கெனவே கோலோச்சும் ஜீவானந்தத்துக்கு அது பொறுக்கவில்லை. இதில் புதியவன் ஒடுங்கிப்போனவனாக வரவில்லை, இடம் பிடிக்க வந்தவனாக வருகிறான் என்பது நல்ல மாற்றம். சண்டை பிள்ளைகளிடமிருந்து எதிரெதிர் வீட்டுப் பெரியவர்களுக்குத் தொற்றுவதையும் படம் கூர்மையாகக் காட்டியது. அன்பாகவும் ஜீவாவாகவும் நடித்த இரு சிறுவர்களுக்கும் தேசிய விருது கிடைத்தது பொருத்தம்.

இடம் மாறிய பிள்ளையைத் தேவதையாக்குவது இந்த வகைப் படங்களைப் பிடித்த பழைய நோய். பாவப்பட்ட பிள்ளை நல்ல பிள்ளையாகவும் இருந்தாக வேண்டும் என்று பல இயக்குநர்கள் நினைக்கிறார்கள். கார்லா சிமோன் அப்படி நினைக்கவில்லை. தன் குழந்தைப் பருவத்தையே கதையாக்கி 2017-இல் அவர் எடுத்த கட்டலன் மொழிப் படம் ‘1993 கோடை’. பெற்றோர் இருவரையும் எய்ட்ஸ் கொண்டுபோய்விட்ட ஆறு வயது ஃப்ரிதா, பார்சிலோனாவிலிருந்து மலையடிவாரத்து மாமா வீட்டுக்கு வருகிறாள். விளையாடும்போது முழங்காலில் ரத்தம் வந்தால் கூட விளையாடும் பிள்ளையின் அம்மா பதறுகிறாள். ஏனென்று ஃப்ரிதாவுக்கு யாரும் சொல்வதில்லை. அவளோ மாமாவின் சின்ன மகளைக் காட்டுக்குக் கூட்டிப்போய் ஒளிந்திரு என்று சொல்லி விட்டுவிட்டு வந்துவிடுகிறாள். குழந்தை கை முறிந்து திரும்புகிறது. ஃப்ரிதா கெட்டவள் என்றோ பாவம் என்றோ படம் தீர்ப்புச் சொல்வதில்லை. சாவு நடந்தபோது அழாத பிள்ளை, புது வீட்டுக் கட்டிலில் எல்லாரோடும் குதித்து விளையாடிக்கொண்டிருக்கையில் திடீரென்று விம்மி அழுகிறது. தன்னை யாரும் அனுப்பிவிடமாட்டார்கள் என்று தெரிந்த பிறகுதான் அழ முடிந்திருக்கிறது.

லீ ஐசக் சுங்கின் ‘மினாரி’யில் (2020) அர்கன்சாஸ் நாட்டுப்புறத்துக்கு வந்த கொரியச் சிறுவன் டேவிட், ஊரிலிருந்து வந்த பாட்டிக்குக் குடிக்கச் சிறுநீரைக் கொடுக்கிறான். பாட்டி என்றால் பிஸ்கட் சுட வேண்டும், இவள் சீட்டாடுகிறாள் என்பது அவனுடைய குறை. அமெரிக்காவுக்கு அவன் புதியவன், அவன் வீட்டுக்குப் பாட்டி புதியவள். தேவாலயத்தில் ஒரு வெள்ளைக்காரப் பையன் உன் முகம் ஏன் தட்டையாக இருக்கிறது என்று கேட்கிறான். கொஞ்ச நேரத்தில் இருவரும் நண்பர்கள். அந்த வயதுக்காரர்களிடம் கொடுமையும் நட்பும் அவ்வளவு பக்கத்தில் இருப்பதை இந்தப் படம் பதறாமல் காட்டுகிறது. பாட்டியாக நடித்த யூன் யூ-ஜங்குக்கு ஆஸ்கர் கிடைத்தது.

பிள்ளைகள் பெரியவர்களைவிட வேகமாக மொழி கற்கிறார்கள். அதனாலேயே அவர்கள் தலையில் ஒரு சுமை ஏறுகிறது: வீட்டுக்கும் ஊருக்கும் நடுவே நின்று மொழிபெயர்ப்பது. லோரான் காந்தேயின் ‘வகுப்பறை’, 2008-இல் கான் விழாவின் தங்கப் பனையை வென்றது. பாரிஸ் பள்ளி மாணவர்களே நடித்த படம். மாலி நாட்டுக் குடும்பத்துப் பையன் சுலேமானைப் பள்ளியிலிருந்து நீக்குவதா என்று ஒழுங்குக் குழு கூடுகிறது. வந்திருக்கும் தாய்க்குப் பிரெஞ்சு தெரியாது. மகன் நல்லவன், தம்பி தங்கைகளுக்குப் பாடம் சொல்லித்தருகிறான், வீட்டு வேலை செய்கிறான் என்று அவர் தன் மொழியில் மன்றாடுவதை, குற்றம்சாட்டப்பட்ட பிள்ளையே எழுந்து பிரெஞ்சில் சொல்ல வேண்டியிருக்கிறது. யாரும் குரல் உயர்த்தாத அந்த அறையில் நடப்பதுபோல ஓர் அவமானத்தைச் சினிமா அரிதாகத்தான் பதிவுசெய்திருக்கிறது.

ஜாக் ஒடியாரின் ‘தீபன்’ (2015) தமிழ்ப் பார்வையாளருக்கு நெருக்கமானது. ஷோபாசக்தி, காளீஸ்வரி சீனிவாசன், சிறுமி குளோடின் வினாசித்தம்பி மூவரும் நடித்த இந்தப் படமும் தங்கப் பனை பெற்றது. இலங்கைப் போரின் முடிவில், செத்துப்போனவர்களின் கடவுச்சீட்டில் ஒரு பொய்க் குடும்பம் பிரான்சுக்குப் போகிறது. அப்பா, அம்மா, மகள் மூவருக்கும் ரத்த உறவு கிடையாது. பெரும்பாலான விமர்சனங்கள் தீபனின் போர் வடுவையும் இறுதி வன்முறையையும் பேசின. படத்தின் மிகத் துல்லியமான இழை ஒன்பது வயது இளையாளுடையது. அவளுக்குப் புதியவை இரண்டு: நாடும், தாயும். பிரெஞ்சு தெரியாத பிள்ளைகளுக்கான வகுப்பில் சேர்க்கிறார்கள். மைதானத்தில் மற்றச் சிறுமிகள் விளையாட்டில் சேர்க்க மறுக்க, கை நீட்டிவிடுகிறாள். பள்ளி வாசலில், மற்ற அம்மாக்களைப் போல எனக்கும் ஒரு முத்தம் கொடு என்று பொய் அம்மாவான யாழினியிடம் கேட்கிறாள். தாய்மை தெரியாத அந்த இளம்பெண் தயங்கித் தயங்கிக் கொடுக்கிறாள். பொய்க் குடும்பம் மெய்யாகத் தொடங்குவது அந்த வாசலில்தான்; இறுதிச் சண்டைக்கு அந்தப் பலம் இல்லை.

மணிரத்னத்தின் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ (2002) இதற்கு எதிர்த்திசைப் பயணம். சென்னையில் வளர்ந்த ஒன்பது வயது அமுதா, தான் வளர்ப்பு மகள் என்று தெரிந்ததும் பெற்ற தாயைத் தேடி இலங்கைக்குப் போகிறாள். தாயின் மண்ணில் அவள் முழு வெளியூர்ப் பிள்ளை. போர் என்றால் என்னவென்றே அறியாதவள். கீர்த்தனாவின் நடிப்பில் அந்தக் குழப்பம் சற்றும் அழகுபடுத்தப்படாமல் வந்தது. தேசிய விருதும் வந்தது.

மறைந்து வாழவேண்டிய பிள்ளைகளின் நிலை இன்னும் கடினம். லூயி மால் 1987-இல் எடுத்த ‘போய்வாருங்கள், பிள்ளைகளே’ அவர் கண்ணெதிரே நடந்தது. 1944 ஜனவரி, ஜெர்மானியர் வசமிருந்த பிரான்ஸ். கத்தோலிக்க உறைவிடப் பள்ளிக்குப் புதிதாக வந்த பொன்னே, உண்மையில் பெயர் மாற்றி ஒளித்துவைக்கப்பட்ட யூதப் பையன். கெட்டிக்காரன், முதலில் வகுப்புக்கே பிடிக்கவில்லை. ரகசியத்தைக் கண்டுபிடித்தபின் நண்பனாகும் ஜூலியன், காவலர்கள் வகுப்புக்குள் வந்து நிற்கும்போது தன்னையறியாமல் அவன் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்துவிடுகிறான். அவ்வளவுதான். நிஜத்தில் அந்தப் பள்ளியில் ஒளித்துவைக்கப்பட்டிருந்த மூன்று யூதப் பிள்ளைகளும் அவுஷ்விட்ஸில் கொல்லப்பட்டார்கள். அவர்களுக்கு அடைக்கலம் கொடுத்த தலைமை ஆசிரியர் பாதிரியார் ஜாக், முகாமிலிருந்து மீட்கப்பட்ட சில வாரங்களில் இறந்தார். அன்று மாலுக்குப் பதினோரு வயது. படமாக எடுக்க நாற்பதாண்டுக்கு மேல் ஆயிற்று.

உயிராபத்து இல்லாவிட்டாலும், வாயைத் திறந்தால் மாட்டிக்கொள்வோம் என்ற பயத்தை 2025-இல் அபிஷன் ஜீவிந்தின் ‘டூரிஸ்ட் ஃபேமிலி’ சென்னைக்குக் கொண்டுவந்தது. பொருளாதார நெருக்கடியில் இலங்கையிலிருந்து படகேறி ராமேஸ்வரத்தில் இறங்கும் குடும்பம், தமிழ் பேசும் ஊரிலேயே தன் தமிழை மறைத்து வாழ வேண்டியிருக்கிறது. சின்ன மகன் முள்ளிக்கு மறைக்கத் தெரியாது, மறைக்கவும் பிடிக்காது. இந்தப் படத்தில் நல்லவர்கள் கொஞ்சம் அதிகம், கண்ணீர் சற்று எளிதாக வருகிறது என்ற குறை நியாயமானது. ஆனால் மாற வேண்டியது வந்த குடும்பம் மட்டும்தான் என்று அது சொல்லவில்லை. ஒருவரையொருவர் எட்டிப்பாராத ஒரு தெரு, இவர்கள் வந்தபின் மாறுகிறது. பைஸாயியின் படம் எடுத்த பக்கம் அது.

இவற்றுக்கு எதிரே நிற்பது வெற்றிக் கதை. ‘தி கராத்தே கிட்’ (1984) அதற்குப் பெயர்போனது. நியூஜெர்சியிலிருந்து லாஸ் ஏஞ்சலஸுக்கு வந்து அடிவாங்கும் டேனியல், போட்டியில் ஜெயித்ததும் எல்லாம் சரியாகிவிடுகிறது. திறமை காட்டாத பிள்ளை என்ன ஆகும் என்ற கேள்வியை இந்த வகைப் படங்கள் கேட்பதேயில்லை. ஆயினும் அந்தப் படத்திலேயே ஓர் இரவுக் காட்சி இருக்கிறது: ஓகினாவாவிலிருந்து வந்த அவன் குரு மியாகி, தான் அமெரிக்க ராணுவத்தில் போரிட்டுக்கொண்டிருந்தபோது ஜப்பானியர்களுக்கான தடுப்பு முகாமில் மனைவியும் குழந்தையும் இறந்ததைக் குடித்துவிட்டுச் சொல்லும் காட்சி. அந்த வேடத்தில் நடித்த பாட் மொரிட்டாவும் சிறுவயதில் அப்படிப்பட்ட முகாமில் அடைக்கப்பட்டவர். கோப்பை வாங்கும் காட்சியைவிட அந்தச் சில நிமிடங்களே படத்தை நிலைநிறுத்துகின்றன.

கேமராவை எங்கே வைப்பது என்பதும் இந்தக் கணக்கில் சேர்ந்தது. லாரா வாண்டெல் என்ற பெல்ஜிய இயக்குநரின் ‘ஓர் உலகம்’ (2021), 72 நிமிடம் ஓடும் சிறிய படம். ஏழு வயது நோராவின் பள்ளி முதல்நாளில் தொடங்கி, பள்ளி மதிலைத் தாண்டி எங்கும் போவதில்லை. கேமரா அவள் கண்மட்டத்தைவிட்டு எழாது. பெரியவர்கள் இடுப்புவரைதான் தெரிவார்கள், குனிந்தால்தான் முகம். நாடு மாற வேண்டியதில்லை, ஒரு மைதானமே எவ்வளவு பெரிய வெளிநாடாக இருக்க முடியும் என்பதை எந்த வசனமும் இல்லாமல் அந்த உயரமே காட்டிவிடுகிறது. மேலிருந்து எடுத்த பிள்ளைப்படங்கள் பெரும்பாலும் இரக்கத்தில் முடிவது தற்செயல் இல்லை.

படம் முடிந்தபின் அந்தப் பிள்ளைகளுக்கு என்ன ஆயிற்று? மீரா நாயரின் ‘சலாம் பாம்பே’யில் (1988) சர்க்கஸ் விட்டுப்போன கிராமத்துப் பையன் கிருஷ்ணா, பம்பாயில் டீ சுமந்து சாய்பாவ் ஆகிறான். அங்கேயும் பெயர்தான் முதலில் போகிறது. அவனாக நடித்த ஷஃபீக் சையதே பெங்களூரிலிருந்து ஓடிவந்து பம்பாய்த் தெருவில் கிடந்த பிள்ளை. தேசிய விருது வாங்கினார். பிறகு சினிமா அழைக்கவில்லை, பெங்களூருக்குத் திரும்பி ஆட்டோ ஓட்டினார். படத்தின் வருவாயில் தெருப்பிள்ளைகளுக்காகத் தொடங்கிய சலாம் பாலக் அறக்கட்டளை இன்றும் இயங்குகிறது என்பது ஒரு ஆறுதல். நதீன் லபாகியின் ‘கப்பர்னாவும்’ (2018) படத்தில் நடித்த ஸைன், போருக்குத் தப்பி லெபனானில் வளர்ந்த சிரியச் சிறுவன், பள்ளி பார்க்காதவன். ஐ.நா. அகதிகள் அமைப்பின் உதவியோடு குடும்பத்துடன் நார்வேயில் குடியேறி அங்கே பள்ளிக்குப் போகத் தொடங்கினான். பாஷுவின் தாயாக நடித்த சூசன் தஸ்லிமி 1980-களின் இறுதியில் ஈரானைவிட்டு ஸ்வீடனுக்குப் போனார். புதிய மொழி கற்று, அந்த மொழியிலேயே நடித்து, பின்னர் படமும் இயக்கினார்.

தமிழ் சினிமாவின் கண்ணில் இன்னும் படாமல் கிடக்கும் பிள்ளைகள் நிறைய. 1964-இல் சாஸ்திரியும் சிறிமாவோவும் போட்ட ஒப்பந்தம் இலங்கை மலையகத் தமிழர் 5,25,000 பேரை இந்தியா ஏற்கும் என்றது. தலைமன்னாரிலிருந்து கப்பலேறி மண்டபம் முகாமில் இறங்கி, நீலகிரித் தோட்டங்களுக்குப் போன குடும்பங்களின் பிள்ளைகள் இன்று பேரப்பிள்ளை எடுத்துவிட்டார்கள். சிலோன்காரர் என்ற அடைமொழி இன்னும் போகவில்லை. 1983 முதல் வந்த ஈழ அகதிகளின் முகாம்களுக்கு 2021-இல் மறுவாழ்வு முகாம் என்று அரசு பெயர் மாற்றியது. அங்கேயே பிறந்து, தமிழ்நாட்டுப் பாடத்திட்டத்தில் படித்து, குடியுரிமை இல்லாமல் கல்லூரி முடிக்கும் தலைமுறை ஒன்று உருவாகிவிட்டது. 2019-இன் குடியுரிமைத் திருத்தச் சட்டத்திலும் அவர்களுக்கு இடமில்லை. திருப்பூர் அரசுப் பள்ளிகளில் பீகார், ஒடிசாத் தொழிலாளர்களின் பிள்ளைகள் தமிழில் பாடம் படிக்கிறார்கள். அப்பா வீட்டு வாடகை பேசப் போனால் கூடவே போய், வீட்டுக்காரர் சொல்வதைத் தமிழிலிருந்து போஜ்புரிக்கு மாற்றிச் சொல்வது அந்தப் பிள்ளைகள்தான். நகைச்சுவைக்கு வடக்கன் என்று ஒரு பாத்திரத்தைக் கொண்டுவந்து நிறுத்துகிற சினிமா, அந்தப் பிள்ளையின் உயரத்துக்குக் கேமராவை இறக்கினால் பக்கத்து வரிசையில் உட்கார்ந்திருக்கும் தமிழ்ச் சிறுமியும் அந்தச் சட்டகத்துக்குள் வரும். அவள் அவனிடமிருந்து எந்தச் சொல்லை முதலில் கற்றுக்கொண்டாள் என்பதிலிருந்தே ஒரு திரைக்கதையைத் தொடங்கலாம்.